பேக்கன் சீஸ் ஆம்லெட் காலைல பத்து நிமிஷத்துல முடியுமா? கைல இருக்கறது இரும்பு தோசக்கல்லு தான்

மூலக்கடை ஷிஃப்ட்டு:

வணக்கம் மக்களே, ஒரு டவுட்டு, சமையல் தெரிஞ்சவங்க யாராச்சும் க்ளியர் பண்ணுங்க. பெரம்பூர் பக்கம் ஒரு கோல்டு ஸ்டோரேஜ்ல பேக்கன் பாக்கெட் ஒண்ணு வாங்கி ஃப்ரீசர்ல போட்டு வச்சிருக்கேன், இன்னும் பிரிக்கல. கூட வேலை செய்யற பையன் டிபன் பாக்ஸ்ல ஆம்லெட்டுக்குள்ள பேக்கனும் சீஸும் வச்சி எடுத்துனு வந்தான், ஒரு வாய் குடுத்தான், அன்னிலருந்து நாக்கு அதையே கேக்குது. எப்படிடா செய்றதுன்னு கேட்டா "அக்கா செஞ்சி குடுக்குது, நான் துன்றேன்"ன்றான், அவ்ளோ தான் அவன் பதிலு.

கம்பெனி பஸ்ஸு காலைல 6.40க்கு மூலக்கடை தாண்டிடும், அதனால அடுப்பு பக்கம் எனக்கு கெடைக்கறது பத்து நிமிஷம், அதுலயும் பக்கத்து பர்னர்ல அம்மா சோறு வச்சிருப்பாங்க. யூடியூப்ல பாத்தா எல்லாரும் ஓவன், நான்ஸ்டிக், பட்டர், ஃப்ரெஷ் க்ரீம்னு இறக்கறாங்க. நம்மகிட்ட இருக்கறது முட்டைக்குன்னே தனியா ஒதுக்கி வச்ச பழைய இரும்பு கல்லு. பேக்கனை கறி மாதிரி கழுவணுமா, எண்ணெ எவ்ளோ, உப்பு எப்போ, சீஸ் க்யூபா ஸ்லைஸா, இல்ல எல்லாத்தையும் முட்டையோட ஒண்ணா அடிச்சி ஊத்திடலாமா? வெங்காயம் போடலாமா? தெரிஞ்சவங்க சொல்லுங்க.

வியாசர்பாடி தம்பி:

தல மொதல்ல கழுவற யோசனைய வுட்று. அது உப்புல ஊற வச்சி பதப்படுத்தன பன்னிக்கறி, கடைல தொங்கற ஃப்ரெஷ் கறி இல்ல. ஈரத்தோட கல்லுல போட்டன்னு வையி, டப்பு டுப்புன்னு தெறிச்சி மூஞ்சில கொப்பளத்தோட தான் பஸ்ஸு ஏறுவ. நைட்டு படுக்கறதுக்கு முன்னாடி ஃப்ரீசர்லருந்து எடுத்து கீழ ஃப்ரிட்ஜ் தட்டுல வச்சிரு, காலைல இளகி இருக்கும், மேல ஈரம் கீரம் இருந்தா துணில ஒத்தி எடு போதும்.

எண்ணெ ஒரு சொட்டு வேணாம்பா. அதுல வெள்ளையா ஓடுதே கோடு கோடா, அது ஃபுல்லா கொழுப்பு, சூடு ஏறுனா அதுவே உருகி ஓடும், அதுலயே முட்டைய ஊத்திக்கினு போயினே இரு. உப்பும் போடாத, மொளகுத்தூள் மட்டும் தாராளமா தூவு. ஷோக்கா இருக்கும்.

டிபன்செக்‌ஷன்:

தம்பி சொன்னது சரி தான், நான் கொஞ்சம் விளக்கமா சொல்றேன், ஓட்டல்ல காலைல முட்டை கவுன்ட்டர்ல நிக்கறவன், இதே வேலை தான் தெனமும்.

பாஸ், நேரம் போறதே பேக்கன்ல தான், முட்டைல இல்ல. நீளமா அப்படியே போட்டா மொறுமொறுன்னு வர்றதுக்குள்ள பஸ்ஸு போயிடும், அதனால கத்திரிக்கோலால சின்ன சின்னதா, சுண்டு விரல் அகலத்துக்கு, நேரா கல்லு மேலயே வெட்டி போட்டுடுங்க. முக்கியமான விஷயம், கல்லு சூடாகறதுக்கு முன்னாடியே போடணும். காஞ்ச கல்லுல போட்டா வெளிய கருகிடும், கொழுப்பு உள்ளயே மாட்டிக்கும், துண்டு சுருண்டுக்கும். ஆறின கல்லுல போட்டு சிம்முக்கு கொஞ்சம் மேல தீ வச்சீங்கன்னா மொதல்ல கொழுப்பு இறங்கும், அப்பறம் அந்த கொழுப்புலயே கறி பொரியும். சத்தத்த கவனிங்க, ஆரம்பத்துல சொர்ர்ருன்னு பலமா வரும், அது தண்ணி போற சத்தம், சத்தம் அடங்கி சின்ன சின்ன நுரையா வந்தா ரெடின்னு அர்த்தம். நாலஞ்சு நிமிஷம் ஆகும். வெந்த பிறகும் ரோஸ் கலர் முழுசா போகாது, பதப்படுத்த போடற நைட்ரைட்டால அந்த கலர் நிக்குது, அதுக்காக பயந்து கருக்கிடாதீங்க. அதுக்குன்னு பச்சையாவும் சாப்பிடக்கூடாது, பாக்கெட்ல வர்ற சாதா பேக்கன் வேகாத கறி தான்.

இப்ப துண்டுங்கள ஓரமா தள்ளிட்டு கல்லுல எவ்ளோ நெய், அதாவது பேக்கன்லருந்து உருகின கொழுப்பு, நிக்குதுன்னு பாருங்க. ரெண்டு முட்டைக்கு ஒரு டீஸ்பூன் போதும், மிச்சத்த ஒரு எவர்சில்வர் கிண்ணத்துல வடிச்சி வச்சிக்கோங்க. சிங்க்ல மட்டும் ஊத்தாதீங்க, பைப்புக்குள்ள உறைஞ்சி அடைச்சிக்கும், அப்பறம் வீட்டு ஓனர் கிட்ட யாரு பதில் சொல்றது.

முட்டைய அடிக்கறப்ப பால் கீல் ஊத்த வேணாம், மஞ்சளும் வெள்ளையும் கலந்தா போதும், ஃபோர்க்கால முப்பது நாப்பது சுத்து. தீய நல்லா குறைச்சிட்டு ஊத்துங்க. முட்டை 60 டிகிரி தாண்டுனதும் இறுக ஆரம்பிச்சி 70 சொச்சத்துல நின்னுடும், அதுக்கு மேல சூடு போனா உள்ள இருக்கற தண்ணிய பிழிஞ்சி வெளிய தள்ளிடும். டிபன் பாக்ஸ தொறந்தா ஆம்லெட்டு அடியில தண்ணி நிக்கும் பாருங்க, அதுக்கு காரணம் இந்த அதிக சூடு தான், ரப்பர் மாதிரி இழுக்கறதுக்கும் அதே தான். ஊத்தினதும் ஓரத்துலருந்து உள்ள இழுத்து விடுங்க, பச்சை முட்டை ஓரத்துக்கு ஓடும். முக்கால் பாகம் வெந்து மேல மட்டும் பளபளன்னு இருக்கறப்ப பாதி பக்கத்துல பேக்கன், அது மேல சீஸ், மொளகு, மடிச்சி அடுப்ப ஆஃப் பண்ணிடுங்க. இரும்பு கல்லு சூட்ட புடிச்சி வச்சிக்கும், ஒரு நிமிஷம் மூடி போட்டு விட்டா சீஸ் தானா உருகிடும். ரோட்டு கடைல கலக்கி போடறவங்க தீய வெச்சி வெளையாடுவாங்க இல்ல, அந்த கணக்கு தான் இதுவும், முட்டைய முழுசா வேக விட்டுட்டு சீஸ் போடாதீங்க.

பேப்பர்மில்ஸ் அக்கா:

தம்பி சீஸ் பத்தி யாரும் சரியா சொல்லலையே. அமுல் க்யூப் ஒண்ணு 25 கிராம், ரெண்டு முட்டைக்கு அது ஒண்ணு போதும், ஆனா க்யூபா உள்ள வச்சா நடுவுல கட்டியா நிக்கும். துருவி போடுங்க. ஃப்ரிட்ஜ்லருந்து எடுத்த சூட்டோட துருவுனா, அதாவது ஜில்லுன்னு இருக்கறப்பவே, பிசுபிசுன்னு ஒட்டாம வரும். அவசரத்துக்கு ஸ்லைஸ் தான் பெஸ்ட்டு, ரெண்டா கிழிச்சி வச்சிடலாம். ரெண்டுமே ப்ராசஸ்டு சீஸ், கொழுப்பையும் தண்ணியையும் ஒண்ணா புடிச்சி வைக்கற எமல்சிஃபையர் சேத்திருக்கறதால எண்ணெ பிரியாம வழவழன்னு உருகும். பீட்சாவுக்கு வாங்கற மொஸரெல்லாவும் போடலாம், நூலு மாதிரி இழுக்கும், ஆனா உப்பு கம்மி, ருசி சப்புன்னு இருக்கும், அதுவும் ஆறிப்போன டிபன் பாக்ஸ்ல மெல்லவே முடியாது.

பேக்கன்லயும் உப்பு, சீஸ்லயும் உப்பு, அதனால முட்டைல உப்பு போட்டா வாய்ல வைக்க முடியாது, பிரஷர் இருக்கற பெரியவங்களுக்கு இத குடுக்காதீங்க.

வெங்காயம் பத்தி கேட்டீங்க. எங்க ஏரியால ரயில்வேல வேலை பாத்த ஆங்கிலோ இந்தியன் குடும்பங்க நெறைய, இப்ப பாதி பேரு ஆஸ்திரேலியா போயிட்டாங்க. இன்னும் இருக்கற எங்க பக்கத்து வீட்டு ஆன்ட்டி இத வெறும் மொளகு மட்டும் போட்டு தான் பண்ணுவாங்க, ப்ரெட்டோட, டீயோட. அது நல்லா தான் இருக்கு, ஆனா என் நாக்குக்கு ஒரு காரம் வேணும். சின்ன வெங்காயம் ரெண்டு, பச்ச மொளகா ஒண்ணு, பொடிசா நறுக்கி அந்த பேக்கன் நெய்லயே கண்ணாடி பதத்துக்கு வதக்கிட்டு அப்பறம் முட்டைய ஊத்துவேன். பச்சையா முட்டைல கலந்துடாதீங்க, சிம்முல வேகற ஆம்லெட்டுல வெங்காயம் தண்ணி விட்டுடும். கொத்தமல்லி இஷ்டம். மஞ்சத்தூள் கரம் மசாலா எல்லாம் இதுல போட்டா அந்த புகை வாசனையே காணாம போயிடும், ப்ளீஸ் வேணாம்.

மண்ணடி பாய்:

நாங்க பன்னி சாப்பிட மாட்டோம், ஆனா திரெட்ட படிச்சதும் பசி வந்துருச்சு. ஹலால் சிக்கன் பேக்கன்னு பாக்கெட்ல வருதே, அதுல இதே மாதிரி பண்ணா வருமா?

டிபன்செக்‌ஷன்:

வரும் பாய். ஆனா சிக்கன்ல அந்த அளவு கொழுப்பு கெடையாது, சும்மா கல்லுல போட்டா ஒட்டிக்கும், காஞ்சி போயிடும். ஒரு ஸ்பூன் எண்ணெயோ பட்டரோ விட்டு, மிதமா சூடான கல்லுலயே போட்டுடுங்க, ரெண்டு பக்கமும் ஒரு ஒரு நிமிஷம் செவந்தா போதும், நெறைய பிராண்டுல ஏற்கனவே வேக வச்சி தான் வருது, பாக்கெட் பின்னாடி எழுதியிருக்கும், படிச்சிக்கோங்க. உப்பு விஷயம் இதுக்கும் அதே தான்.

காசிமேடு கடல்நண்டு:

இன்னாபா இது, வடசென்னைல உக்காந்துக்கினு பேக்கனாம் சீஸாம். ஒரு கை சென்னாக்குன்னிய, அதான்பா காஞ்ச பொடி எறாவ, வெறும் கல்லுல வறுத்து, மண்ணு போக பொடச்சி, வெங்காயம் மொளகாயோட முட்டைல போட்டு ஊத்துங்க, அந்த வாசனைக்கு தெருவே திரும்பி பாக்கும். காசும் கம்மி.

பேப்பர்மில்ஸ் அக்கா:

பாக்கும் பாக்கும், கம்பெனி பஸ்ல டிபன் பாக்ஸ தொறந்தா மொத்த பஸ்ஸும் திரும்பி பாக்கும் 😂 ஞாயித்துக்கெழம வீட்ல சோத்துக்கு தொட்டுக்க அது தான் பெஸ்ட்டு, மறுக்க மாட்டேன். அதுல மட்டும் சீஸ் போட்டுடாதீங்க யாரும்.

மூலக்கடை ஷிஃப்ட்டு:

எல்லாருக்கும் செம தேங்க்ஸ். இன்னும் ரெண்டு கேள்வி மட்டும். பாக்கெட்ட பிரிச்சிட்டா மிச்சம் எத்தன நாள் தாங்கும்? அப்பறம் அம்மாக்கு ஒரு கவலை, இதுக்கப்பறம் அந்த கல்லுல அவங்களுக்கு ஆம்லெட் போட்டா இந்த வாசனை அடிக்குமான்னு.

வியாசர்பாடி தம்பி:

அடிக்கும் தல, பொய் சொல்ல மாட்டேன். சூடா இருக்கறப்பவே வெந்நீ ஊத்தி தேங்கா நார்ல தேச்சி, திரும்ப அடுப்புல காய வச்சி லைட்டா எண்ணெ தடவிடு, முக்கால்வாசி போயிடும். கல்லுக்கு ஒண்ணும் ஆகாது, கொழுப்பு ஏற ஏற இரும்பு பழகிக்கும், முட்டை ஒட்டாது. அம்மாக்கு ஒத்துக்கலன்னா பேசாம பழைய கல்லு ஒண்ண வெலைக்கு வாங்கிடு.

டிபன்செக்‌ஷன்:

பிரிச்ச பிறகு காத்து போகாம மூடி ஃப்ரிட்ஜ்ல வச்சா ஒரு வாரத்துக்குள்ள முடிச்சிடுங்க. கொழகொழன்னு ஆனாலோ புளிச்ச வாடை வந்தாலோ யோசிக்காம தூக்கி போட்டுடுங்க. நீங்க தெனம் பண்ண போறதில்லன்னா, பிரிச்ச அன்னிக்கே ரெண்டு ரெண்டு துண்டா பட்டர் பேப்பர்ல சுத்தி திரும்ப ஃப்ரீசர்ல வச்சிடுங்க, மொத்தமா வச்சா கல்லு மாதிரி ஒட்டிக்கும், காலைல சுத்தியல் தான் தேடணும். ஆனா பாக்கெட்ட ஃப்ரிட்ஜ்ல வச்சி இளக வச்சிருந்தா மட்டும் தான் இத செய்யணும், வெளிய வச்சி இளகுனத திரும்ப ஃப்ரீஸ் பண்ணாதீங்க.

பத்து நிமிஷமும் ஜாஸ்தின்னு தோணுச்சுன்னா இன்னொரு வழி, ஞாயித்துக்கெழமயே நாலஞ்சு நாளைக்கு வேணுங்கறத பொரிச்சி டப்பால போட்டு ஃப்ரிட்ஜ்ல வச்சிடுங்க, வடிச்ச நெய்யையும் தனி கிண்ணத்துல மூடி வைங்க. காலைல அந்த நெய் அர ஸ்பூன், முட்டை, பேக்கன், சீஸ், மூணே நிமிஷம். மிச்ச சூட்டுல ரெண்டு ப்ரெட்ட அதே கல்லுல போட்டு பொரட்டி எடுத்துக்குங்க.

மூலக்கடை ஷிஃப்ட்டு:

சூப்பர்ணா, நைட்டு எடுத்து கீழ் தட்டுல வச்சிடறேன். கத்திரிக்கோலு மட்டும் தான் இல்ல, அம்மாவோடது துணி வெட்றது, அத தொட்டா கைய வெட்டிடுவாங்க.