மறு: ட்ராமா – 'மனவடு'வா, 'உளக்காய'மா? (சிறார் சிகிச்சைச் சொற்கள்)

நண்பர்களுக்கு வணக்கம். கொடுமைக்கு ஆளான பிள்ளைகளுக்கான உளச்சிகிச்சைச் சொற்களைத் தமிழில் எப்படி எழுதுவது என்ற நம் மடல் உரையாடலில் வந்த யோசனைகளுக்கு என் பதில் இது. ட்ராமா (trauma) என்று நான் சொல்வது, கொடிய சம்பவம் மனத்தில் விட்டுச்செல்லும் பாதிப்பை.

> 'மனவடு' ஏற்கெனவே இலங்கைத் தமிழ் உளநல எழுத்தில் வேரூன்றிவிட்ட சொல். அதையே எடுத்துக்கொண்டால் என்ன?

எடுத்துக்கொள்ளலாம் என்றுதான் நானும் இருந்தேன். பெரியவர்களைப் பற்றிய கட்டுரை என்றால் இப்போதும் மறுக்க மாட்டேன். ஆனால் நாம் சொல் தேடுவது சிறார் சிகிச்சைக்கு. இந்தச் சொற்கள் மருத்துவரின் குறிப்பேட்டோடு நிற்பதில்லை. ராத்திரியில் ஏன் தூக்கம் வரவில்லை, கதவு படாரென்று சாத்தினால் ஏன் உடம்பு நடுங்குகிறது என்று பிள்ளைக்கே விளக்குவதுதான் இந்தச் சிகிச்சையின் ஆரம்ப வேலைகளில் ஒன்று. அதாவது, எட்டு வயதுப் பிள்ளையின் முகத்தைப் பார்த்து இந்தச் சொல்லைச் சொல்லியாக வேண்டும்.

வடு என்றால் அழியாமல் நிற்பது. தீயினால் சுட்ட புண் உள்ளே ஆறிவிடும், நாவினால் சுட்ட வடு ஆறாது என்று வள்ளுவர் சொல்லும்போது, ஆறுவதற்கு ஒரு சொல்லும் ஆறாததற்கு ஒரு சொல்லுமாகப் பிரித்தே வைக்கிறார். போதாக்குறைக்கு, பழைய வழக்கில் வடுவுக்குப் பழி, குற்றம் என்ற பொருளும் உண்டு. பாலியல் கொடுமைக்கு ஆளான பிள்ளை 'என்மேல்தான் தப்பு' என்று ஏற்கெனவே நம்பிக்கொண்டிருக்கும். அந்த நம்பிக்கையை மெல்லக் கழற்றுவதே சிகிச்சையில் பாதி. அதற்குப் போய் 'வடு' என்று பெயர் வைப்பானேன்?

ட்ராமா என்ற கிரேக்கச் சொல்லுக்கே காயம் என்றுதான் பொருள். காயம் ஆறும். 'மனக்காயம்' எளிமையானதுதான், ஆனால் நண்பன் ஒரு வார்த்தை சொல்லிவிட்டாலும் மனம் காயப்பட்டது என்கிறோமே. கொஞ்சம் தள்ளி நிற்க 'உளக்காயம்' என்று வைப்போம். பிள்ளையிடம் 'மனசில் பட்ட காயம்' என்று அவிழ்த்துச் சொல்லிக்கொள்ளலாம்.

செய்தித்தாள்கள் எழுதும் 'அதிர்ச்சி' வேண்டாம். அது ஒரு நொடிச் சங்கதி. வருடக்கணக்காக அடிவாங்கும் பிள்ளை அதிர்வதில்லை, மரத்துப்போகிறது. இன்னொன்று, ஆங்கிலத்தில் நடந்த சம்பவத்துக்கும் ட்ராமாதான், அது உள்ளே செய்ததற்கும் ட்ராமாதான். இந்தக் குழப்பத்தை நாம் ஏன் இறக்குமதி செய்ய வேண்டும்? சம்பவம் 'கொடுநிகழ்வு', விளைவு 'உளக்காயம்'. கொடுநிகழ்வைக் கண்ட எல்லாப் பிள்ளைகளுக்கும் உளக்காயம் ஏற்படுவதில்லை என்ற முக்கியமான வாக்கியத்தை அப்போதுதான் தெளிவாக எழுத முடியும்.

> 'கிராஜுவல் எக்ஸ்போஷர்' (gradual exposure: பயமுறுத்தும் நினைவைக் கொஞ்சம் கொஞ்சமாக அணுகப் பழக்குவது) – படிப்படியான வெளிப்படுத்தல்

இதில்தான் எனக்குப் பெரிய மறுப்பு. கோஹென், மன்னரினோ, டெப்ளிங்கர் மூவரும் உருவாக்கிய, உளக்காயத்தை மையப்படுத்திய அறிதல்-நடத்தைச் சிகிச்சையை (TF-CBT; எண்ணங்களையும் நடத்தையையும் சீராக்கப் பழக்கும் பேச்சுச் சிகிச்சை) எடுத்துக்கொள்வோம். 3 முதல் 18 வயது வரை உள்ளவர்களுக்கானது, வழக்கமாக 12 முதல் 16 அமர்வுகள். மூச்சைத் தணிப்பது, உணர்ச்சிகளுக்குப் பெயர் சொல்வது எல்லாம் கைவந்த பிறகுதான் பிள்ளை நடந்ததைச் சொல்லத் தொடங்குகிறது. அதுவும் நேராக அந்த ராத்திரிக்குப் போவதில்லை. முதல் பக்கத்தில் தன் பெயர், பிடித்த விளையாட்டு. அடுத்து, அது நடப்பதற்கு முந்தைய நாட்கள். மிக மோசமான கணம் கடைசியில், பிள்ளை தாங்கும் அளவுக்குத்தான். எழுத்தாக இருக்கலாம், படமாக இருக்கலாம், பாட்டாகக்கூட இருக்கலாம். பெற்றோரைத் தனியே தயார்ப்படுத்திய பிறகு அவர்களிடம் வாசித்துக் காட்டுவதும் உண்டு.

இதற்கு 'வெளிப்படுத்தல்' என்று எழுதினால் வாசிக்கும் ஆலோசகர் என்ன நினைப்பார்? பிள்ளையின் வாயிலிருந்து விஷயத்தை வரவழைப்பதுதான் நோக்கம் என்று. அது விசாரணை. சிகிச்சையில் நடப்பது, நினைவைக் கண்டு ஓடாமல் இருக்கப் பழகுவது. தனக்கு நேர்ந்த கொடுமையைப் பிள்ளை முதன்முதலாக ஒருவரிடம் சொல்கிறதே, 'வெளிப்படுத்தல்' என்ற சொல் அதற்குத்தான் தேவை. ஒரே கையேட்டில் இரண்டும் வரும்.

என் பரிந்துரை: 'படிப்படியாக எதிர்கொள்ளல்'. சண்டை போடுவதுபோல் இருக்கிறதே என்று போன மடலில் ஒரு நண்பர் தயங்கியிருந்தார். எதிர்கொள்ளல் என்றால் வருகிறவரை எதிரே போய் வரவேற்பதும்தான், ஐயா. சங்கடமான விருந்தாளியை நாமே வாசல்வரை போய்ப் பார்ப்பது. இதைவிடப் பொருத்தமாக எனக்குக் கிடைக்கவில்லை.

அடுத்து, கண்களை இடமும் வலமும் அசைத்தபடியே கொடிய நினைவை நினைத்துப் பார்க்கவைக்கும் ஈ.எம்.டி.ஆர் (EMDR) முறை. அதற்கு 'கண்ணசைவுச் சிகிச்சை' என்ற பெயர் வேண்டாம். அதை உருவாக்கிய ஃபிரான்சின் ஷபிரோ 1987-இல் கண்ணசைவிலிருந்துதான் தொடங்கினார், சரி. ஆனால் சிறு பிள்ளைகளுக்குக் கையில் மாறிமாறித் தட்டியும் செய்கிறார்கள். ஈ.எம்.டி.ஆர் என்று ஆங்கில எழுத்துகளாகவே விட்டுவிடுவோம். பிள்ளை தன் வாழ்க்கைக் கதையை வரிசையாகச் சொல்லும் கிட்நெட் (KIDNET) சிகிச்சை முறையில் தரையில் நீட்டிவைக்கும் கயிறு – நல்லதற்குப் பூ, கெட்டதற்குக் கல் – 'வாழ்வுக்கயிறு' ஆகட்டும். அதில் சண்டை இருக்காது என்று நினைக்கிறேன்.

எனக்குச் சிக்காமல் நிற்பது ஒரு சொல். 1976-இல் கலிபோர்னியாவின் சௌச்சில்லாவில் பேருந்தோடு கடத்தப்பட்ட 26 பிள்ளைகளைப் பின்னாளில் ஆராய்ந்த மருத்துவர் லெனோர் டெர், இப்படிப்பட்ட பிள்ளைகளின் விளையாட்டைக் கவனித்து எழுதினார். அதே சம்பவம், அதே வரிசை, திரும்பத் திரும்ப, முகத்தில் சிரிப்பே இல்லாமல். விளையாடி முடித்தும் மனம் லேசாவதில்லை. 'மீள்விளையாட்டு' என்று எழுதிப் பார்த்தேன். ஏதோ மறுஆட்டம் வைத்ததுபோல் இருக்கிறது. 'விளையாட்டு' என்ற சொல்லே இங்கே ஒட்டவில்லை. ஆனால் அதை எடுத்துவிட்டால், அறை மூலையில் பொம்மைகளோடு உட்கார்ந்திருக்கும் அந்தப் பிள்ளை சொல்லிலிருந்து காணாமல் போய்விடுகிறது. யாருக்காவது ஏதாவது தோன்றுகிறதா?