அளவெல்லாம் நூலில் இருக்க, சிற்பிக்கு மிஞ்சுவது எது?

கேள்வி: நுண்கலை மாணவி

கடந்த வாரம் மாமல்லபுரத்துச் சிற்பக்கூடம் ஒன்றில் அரைநாள் உட்கார்ந்திருந்தேன். கருங்கல்லின் முகப்பில் செங்காவியால் கோடிட்டு உறுப்புகளைப் பகுத்துக்கொண்டிருந்தார்கள். 8 யவம் ஓர் அங்குலம், 12 அங்குலம் ஒரு தாலம், பத்துத் தால அளவுமுறையில் உயர்ந்த வகையான உத்தம தசதாலம் என்றால் உருவத்தின் உயரம் 124 அங்குலம் என்று எல்லாமே சிற்ப நூல்களில் வரையறுக்கப்பட்டிருக்கும்போது, சிற்பியின் சொந்தக் கற்பனைக்கு எங்கே இடம் இருக்கிறது? அனுபவம் உள்ளவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

பதில் 1: கல் வேலை செய்பவர்

அம்மா, அந்த அங்குலம் கடையில் வாங்கும் அளவுகோலின் அங்குலம் அன்று. செய்யப்போகும் உருவத்தின் உயரத்தை 124 ஆகப் பகுத்தால் கிடைக்கும் ஒரு பங்குதான் அது. எனவே கல்லைத் தட்டி, அதன் ஓசை கேட்டுத் தேர்ந்த பிறகே அளவு பிறக்கிறது. நீங்கள் கண்ட செங்காவிக் கோடும் முதல் உளி விழுந்ததும் போய்விடும். ஒவ்வொரு படலம் எடுத்த பின்னும் நூற்கயிறு பிடித்து மறுபடி கோடிட வேண்டும். கருங்கல்லில் எடுத்ததைத் திரும்ப ஒட்ட முடியாது என்பதால், மூக்கையும் உதட்டையும் நான் கடைசிவரை பருமனாகவே விட்டுவைப்பேன். தொழில் பழகிய நாளில் ஓர் அம்மன் முகத்தில் வாயோரத்தை நெல்முனை அளவு கூடுதலாக எடுத்துவிட்டேன். அளவு சரியாக இருந்தும் முகம் வாடிப்போயிற்று. உதடு எங்கே முடிகிறது என்று சிற்ப நூல் சொல்லும், அங்கே புன்னகை தங்குமா என்பதைக் கைதான் அறியும்.

பதில் 2: பல்லவர் கலை ஆர்வலர்

அடுத்த முறை மாமல்லபுரம் போகும்போது, ஒற்றைப் பாறையில் செதுக்கிய கோயில்களான வலையன்குட்டை, பிடாரி ரதங்களையும் பாருங்கள். அவை முற்றுப்பெறாதவை என்பதாலேயே எனக்கு மிகவும் பிடித்தவை. முடியாத குடைவரைகளின் சுவரில் குறுக்கும் நெடுக்குமாகப் பள்ளம் வெட்டி, இடையே நிற்கும் சதுரங்களை உடைத்தெடுத்த தடம் இன்றும் தெளிவாகத் தெரிகிறது. தருமராஜ ரதத்தில் மேல்தளங்கள் நிறைவுற்றிருக்க, கீழ்த்தளம் முடியாமல் நிற்கிறது. உச்சியிலிருந்து கீழ்நோக்கிச் செதுக்கியவர்கள், ஒரு பிடி கல் குறைவதற்கு முன்பே முழு வடிவத்தையும் மனத்தில் கண்டிருக்க வேண்டும்.

பதில் 3: கன்னியாகுமரி வாசகர்

2000ஆம் ஆண்டு சனவரி 1 அன்று திறக்கப்பட்ட, கணபதி ஸ்தபதி வடித்த வள்ளுவர் சிலையையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். 38 அடிப் பீடமும் 95 அடி உருவமுமாக 133 அடி என்பது குறளின் அதிகாரக் கணக்கு. அதை யாரும் மாற்ற இயலாது. ஆனால் கல்மேல் கல்லாக அடுக்கிய அந்தப் பேருருவின் இடுப்பில் மெல்லிய ஒசிவை வைத்தது ஸ்தபதியின் முடிவு. படகில் நெருங்கும்போது அந்த வளைவைப் பாருங்கள், அத்தனை பாரமும் நிற்கும் நிலையே மாறிவிடுகிறது.