மெல்ரோஸ் கிளப்: குடும்பக் குழுவில் ஒரு பேச்சு

தம்பி: அண்ணா, ஒலிம்பிக்கில் பக்கத்துக்கு ஏழு பேராக ரக்பி ஆடுகிறார்களே, அது நீங்கள் இருக்கும் ஸ்காட்லாந்தில் தொடங்கியதா? என் கூடப் படிக்கிறவன் ஃபிஜிதான் என்று அடித்துச் சொல்கிறான்.

அண்ணா (எடின்பரோ): ஃபிஜிக்காரர்கள் அதில் கில்லாடிகள், 2016 ரியோவில் ஆண்களுக்கான முதல் தங்கமே அவர்களுக்குத்தான், இறுதி ஆட்டத்தில் பிரிட்டனை 43-7 என்று தோற்கடித்தார்கள். ஆனால் ஆட்டம் பிறந்தது மெல்ரோஸில். எடின்பரோவுக்குத் தெற்கே ட்வீட் ஆற்றை ஒட்டிய சின்ன ஊர், மொத்த ஜனமே இரண்டாயிரத்துச் சொச்சம்தான்.

சித்தப்பா: அவ்வளவு சின்ன ஊரிலா? யார் கண்டுபிடித்தது?

அண்ணா (எடின்பரோ): நெட் ஹேக். கறிக்கடையில் வேலை பார்த்தவர் சித்தப்பா. மெல்ரோஸ் ரக்பி கிளப் 1877-இல் தொடங்கியது, 1883 வாக்கில் கையில் காசில்லை. ஒரு விளையாட்டு விழா நடத்திப் பணம் சேர்க்கலாம், அதில் ரக்பிப் போட்டியும் வைக்கலாம் என்று நினைத்தார். ஆனால் பக்கத்துக்குப் பதினைந்து பேர் என்றால் ஒரே மதியத்தில் பல அணிகள் ஆடி முடிக்க முடியாதே. அதனால் ஏழு பேராகக் குறைத்து, ஆட்ட நேரத்தையும் 15 நிமிடமாகச் சுருக்கினார்கள். கடை முதலாளி டேவிட் சாண்டர்சனும் இதில் கூட்டு, அன்றைக்கு மெல்ரோஸ் கேப்டனும் அவர்தான்.

அத்தை: ஜெயித்தது யார் கண்ணா?

அண்ணா (எடின்பரோ): மெல்ரோஸ்தான் அத்தை, ஆனால் சண்டையோடு. 1883 ஏப்ரல் 28, இறுதி ஆட்டம் பக்கத்து ஊர் கேலாவோடு. நேரம் முடிந்தபோது சமநிலை. கூடுதல் நேரம் ஆடலாம் என்று ஒத்துக்கொண்டார்கள். அதில் மெல்ரோஸ் ஒரு ட்ரை (எதிரணியின் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைப்பது) போட்டதும் ஆட்டம் முடிந்தது என்று மைதானத்தை விட்டு வெளியேறிவிட்டார்கள். நேரம் பாக்கி இருக்கிறதே என்று கேலாக்காரர்கள் கத்தியும் பலிக்கவில்லை, கோப்பை மெல்ரோஸுக்கே போனது. அந்தக் கோப்பையைக் கொடுத்தது யார் தெரியுமா? மெல்ரோஸ் ஊர்ப் பெண்கள்.

அத்தை: அப்படிச் சொல்லு 👏🏾

தம்பி: அப்புறம் உலகம் முழுக்க எப்படிப் போனது?

அண்ணா (எடின்பரோ): முதலில் சுற்றியிருக்கும் ஊர்களெல்லாம் ஆளுக்கொரு போட்டி வைத்தன. பிறகுதான் கடல் தாண்டியது. 1993-இல் செவன்ஸுக்கு, அதாவது இந்த ஏழு பேர் ஆட்டத்துக்கு, முதல் உலகக் கோப்பை எடின்பரோவின் மர்ரேஃபீல்டு மைதானத்தில் நடந்தது, அந்தக் கோப்பைக்கே மெல்ரோஸ் கோப்பை என்று பெயர். 2008-இல் நெட் ஹேக்கையும் மெல்ரோஸ் கிளப்பையும் உலக ரக்பியின் புகழ் மண்டபத்தில் சேர்த்தார்கள்.

ஆனால் தம்பி, எல்லோரும் இதோடு நிறுத்திவிடுகிறார்கள், எனக்கு அதுதான் ஆதங்கம். பதினைந்து பேர் ஆட்டத்திலும் அது பெரிய கிளப். 1990-இலிருந்து 1997 வரை எட்டு சீசனில் ஆறு முறை ஸ்காட்லாந்து சாம்பியன். அந்தக் காலத்தில் பயிற்சி கொடுத்த ஜிம் டெல்ஃபர் அதே கிளப்பில் ஆடியவர், தொழிலில் பள்ளித் தலைமையாசிரியர். 1990 மார்ச்சில் ஸ்காட்லாந்து இங்கிலாந்தை 13-7 என்று வென்று, ஐந்து நாடுகள் போட்டியில் எல்லா ஆட்டத்தையும் ஜெயிக்கும் கிராண்ட் ஸ்லாம் எடுத்ததே, அதில் மூன்று பெனால்டி உதைத்து 9 புள்ளி சேர்த்தது மெல்ரோஸ் பையன் கிரெய்க் சால்மர்ஸ்.

சித்தப்பா: சம்பளம் வாங்காமலா இவ்வளவும்?

அண்ணா (எடின்பரோ): ஆமாம், 1995 வரை ரக்பியில் ஆடுவதற்குக் காசு வாங்கக் கூடாது. அந்த வருஷம் தொழில்முறை ஆட்டத்துக்கு அனுமதி வந்ததும் நல்ல ஆட்டக்காரர்கள் பணமுள்ள கிளப்களுக்குப் போய்விட்டார்கள். மெல்ரோஸில் ஆடிய டாடி வியர் இங்கிலாந்தின் நியூகாசில் கிளப்புக்குப் போனதும் அப்போதுதான். ஆறரை அடி உயரம், ஸ்காட்லாந்துக்கு 61 ஆட்டம். 2017-இல் தனக்குத் தசைகளைப் படிப்படியாகச் செயலிழக்க வைக்கும் நரம்பு இயக்க நோய் என்று வெளிப்படையாகச் சொல்லி, அதன் ஆராய்ச்சிக்காக அறக்கட்டளை தொடங்கி, 2022-இல் இறக்கும்வரை அதற்காகவே உழைத்தார். இங்கே அவர் பெயரைச் சொன்னால் ரக்பி பார்க்காதவர்களுக்கும் தெரியும்.

அத்தை: பாவம். நல்ல மனுஷன்.

அண்ணா (எடின்பரோ): ஆள் போனாலும் கிளப் படுத்துவிடவில்லை அத்தை. 2011, 2012, 2014, 2018 என்று மறுபடி சாம்பியன். வேலைக்குப் போய்விட்டு மாலையில் பயிற்சிக்கு வருகிறவர்களை வைத்துக்கொண்டு இதைச் செய்திருக்கிறார்கள். நான் அவர்களைத் தலையில் தூக்கிவைத்துப் பேசுவது இதற்காகத்தான்.

சித்தப்பா: அடுத்த வருஷம் நாங்கள் அங்கே வரும்போது மெல்ரோஸின் அந்த ஏழு பேர் போட்டியைப் பார்க்க முடியுமா?

அண்ணா (எடின்பரோ): தாராளமாக. வழக்கமாக ஏப்ரல் இரண்டாவது சனிக்கிழமை, முதல் போட்டி நடந்த அதே கிரீன்யார்ட்ஸ் மைதானத்தில்தான். முதல் போட்டிக்கே சுற்று ஊர்களிலிருந்து கூட்டம் ரயிலில் வந்தது. 1969-இல் அந்தப் பாதையை மூடிவிட்டார்கள், 2015-இல் எடின்பரோவிலிருந்து ட்வீட்பேங்க் வரை மட்டும் திரும்பத் திறந்தார்கள். அங்கே இறங்கினால் மெல்ரோஸ் சுமார் 3 கிலோமீட்டர்.

அத்தை: எனக்கு முழங்கால் வலி, நடக்கச் சொல்லாதே.

அண்ணா (எடின்பரோ): டாக்சி வைத்துக்கொள்ளலாம் அத்தை. ஸ்வெட்டர் மட்டும் மறக்காதீர்கள், ஏப்ரலிலும் குளிரும்.