ஏரிக்கரைக் கல்: தம்பி கேட்டதற்குப் பதில்

அனைவருக்கும் வணக்கம்.

பொங்கலுக்கு ஊருக்குப் போன தம்பி ஏரிக்கரைக்குப் பின்னால் இருக்கும் கல்லைப் படம் எடுத்துப் போட்டு, ஆந்திர எல்லை நம்ம கொல்லைக்குள் எப்படி வந்தது என்று கேட்டிருந்தார். 1956-இல் டெல்லியில் கோடு போட்டுவிட்டார்கள் என்று மஸ்கட் அண்ணன் பதில் எழுதியிருக்கிறார். அண்ணன் கோபித்துக்கொள்ளக் கூடாது, 1956-இல் நம்ம ஊர் இருக்கும் திருத்தணிப் பக்கமே ஆந்திராவில்தான் இருந்தது.

1911-இல் சித்தூர் மாவட்டம் உண்டானபோது திருத்தணியை அதில் சேர்த்தார்கள். 1953 அக்டோபர் 1 அன்று ஆந்திர மாநிலம் பிறந்ததும் சித்தூர் மாவட்டம் மொத்தமாக அந்தப் பக்கம் போக, நாமும் கூடவே போனோம். ம.பொ.சி.யும் மங்கலங்கிழாரும் வடக்கெல்லைக்காகப் போராடியது இதனால்தான். அப்புறம் எந்தக் கிராமம் எந்தப் பக்கம் என்று சொல்ல இரண்டு அரசும் ஒத்துக்கொண்டு படாஸ்கர் என்பவரை நடுவராக வைத்தார்கள். 1959-இல் சட்டம் வந்தது, 1960 ஏப்ரல் 1 முதல் அமல். திருத்தணி, பள்ளிப்பட்டுப் பக்கம் 300-க்கு மேற்பட்ட கிராமங்கள் இங்கே வந்தன, சத்தியவேடு பக்கம் உட்படச் சுமார் 150 கிராமங்கள் அங்கே போயின.

படாஸ்கர் கிராமத்தைத்தான் அலகாக எடுத்துக்கொண்டார். அந்தக் கிராமத்தில் எந்த மொழிக்காரர் அதிகம், அது எந்த மாநிலத்தோடு ஒட்டியிருக்கிறது என்று பார்த்தார்கள். (நம்ம தெருவில் அம்மாவிடமும் மாட்டிடமும் தெலுங்கு, கடையில் தமிழ், சண்டை வந்தால் இரண்டும். கணக்கெடுக்க வந்தவர் என்னத்தை எழுதினாரோ!) அதனால் புதுசாகக் கோடு எதுவும் கிழிக்கவில்லை, ஏற்கெனவே இருந்த கிராம எல்லையே மாநில எல்லையாகிவிட்டது. வரைபடத்தில் நம்ம பக்கம் எலி கடித்த வேட்டி மாதிரி இருப்பதற்குக் காரணம் அதுதான்.

தம்பி எடுத்த கல் மூன்று கிராமம் சேரும் இடத்தில் நிற்கும் முச்சந்திக் கல். முழங்கால் உயரக் கருங்கல், தலையில் கூட்டல் குறி. பாட்டி அதை ஹத்துராயி (தெலுங்கில் எல்லைக்கல்) என்பாள், அதன்மேல் உட்கார்ந்தால் திட்டுவாள். மூன்றில் இரண்டு கிராமம் இங்கே, ஒன்று அங்கே.

எங்கள் தாத்தாவின் 60 சென்ட் அந்த ஒன்றில் மாட்டிக்கொண்டது. வில்லங்கச் சான்றுக்கு நான் லீவு போட்டு வந்து இரண்டு தடவை அலைந்தேன். அங்கே கேட்டால் பழைய பதிவு உங்கள் பக்கம் போய்விட்டது என்கிறார்கள், இங்கே கேட்டால் நிலம் எங்கள் மாநிலமே இல்லையே என்கிறார்கள். கடைசியில் அப்பாவின் டிரங்குப் பெட்டியில் கிடந்த தெலுங்குப் பத்திரம்தான் காப்பாற்றியது. அதிலும் நான்கெல்லையில் கிழக்கே இந்தக் கல்லைத்தான் சொல்லியிருக்கிறது.

ஆந்திராவில் 2020 டிசம்பரிலிருந்து மறு நில அளவை செய்துவருகிறார்கள். அந்தப் பக்கம் நிலம் உள்ளவர்கள் மீபூமி என்ற ஆந்திர அரசின் நிலப் பதிவுத் தளத்தில் உங்கள் பெயர், சர்வே எண், விஸ்தீரணம் மூன்றையும் ஒருமுறை பார்த்துவிடுங்கள். 1960-க்கு முந்தைய பத்திரமோ புலப்படமோ (நிலத்தின் அளவுப் படம்) யார் வீட்டுப் பரணிலாவது கிடந்தால் படம் எடுத்து எனக்கு அனுப்புங்கள், தெலுங்கில் இருந்தால் நான் படித்துச் சொல்கிறேன்.

அப்புறம், கல்லுக்குப் பெயின்ட் அடித்துச் சங்கத்தின் பெயர் எழுதலாம் என்று ஒருவர் சொன்னாரே, தயவுசெய்து வேண்டாம். அது சர்வே கல்.