கிளர்வுக்கொலையும் கொலைக்கிளர்வும்

அன்பர்களுக்கு வணக்கம்.

பாலியலோடு பின்னிய கொலையை ஆங்கிலத்தில் ‘லஸ்ட் மர்டர்’ என்கிறார்கள். அதற்குத் தமிழில் போன கிழமை ஒரு சொல் கேட்டேன். ஒன்பது சொற்கள் வந்து சேர்ந்தன. எல்லாருக்கும் நன்றி. ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகப் பதில் எழுதத்தான் நினைத்தேன். ஆனால் வெள்ளவத்தையில் நான் வழமையாகத் தட்டச்சுக்குக் கொடுக்கும் கொமியூனிகேஷன் கடையில் நேற்று நடந்ததைச் சொன்னாலே பாதிப் பதில் வந்துவிடும்.

உளவியல் டிப்ளோமாவைத் தமிழில் படிக்கும் மாணவருக்கான விரிவுரைக் குறிப்பு அது. கடைப் பிள்ளை என் கையெழுத்தைப் பார்த்துத் தட்டிக்கொண்டிருந்தாள். எழுத்து விளங்காத இடத்தில் சத்தமாக வாசித்துக் கேட்பது அவளுடைய பழக்கம். ‘காமக்கொலை’ வந்த இடத்தில் சத்தம் நின்றுவிட்டது. பக்கத்தில் ஒரு பெரியவர் அடையாள அட்டையைப் போட்டோக்கொப்பி எடுக்க நின்றார். பிள்ளை தாளைக் கவிழ்த்து வைத்துவிட்டு, “அங்கிள், இந்தச் சொல்லை மட்டும் நீங்களே பேந்து போடுங்கோ” என்றாள். கொலை என்ற சொல்லில் அவளுக்கு ஒரு கூச்சமும் இல்லை. முன்பக்கம் முழுக்க அதைத்தான் அடித்திருந்தாள்.

இந்தக் குறிப்பைப் படிக்கப்போவதும் பெரும்பாலும் அந்த வயதுப் பிள்ளைகள்தான். நாளைக்கு உளவளத்துணையாளராகவும் நன்னடத்தை உத்தியோகத்தராகவும் வேலை செய்யப்போகிறவர்கள். வகுப்பில் எழுந்து நின்று, தலையைக் குனியாமல் சொல்லக்கூடிய ஒரு சொல் அவர்களுக்கு வேண்டும். நல்ல கலைச்சொல்லுக்கு எத்தனையோ இலக்கணம் சொல்கிறோம். வாயால் சொல்ல முடிகிறதா என்று ஒருவரும் பார்ப்பதில்லை.

சரி, காமத்துக்கு வருவோம். திருக்குறளில் 109 முதல் 133 வரை 25 அதிகாரம், 250 குறள், காமத்துப்பால். அங்கே வருவது பிரிவும் ஊடலும் கண்ணீரும் மறுபடி கூடலும். அந்தச் சொல்லை நாம் சீரழித்துக் ‘காமுகன்’, ‘காமவெறியன்’ என்று பத்திரிகைத் தலைப்பு வரைக்கும் கொண்டுவந்துவிட்டோம். பழைய பொருளும் போகவில்லை, புதிய பொருளும் முழுதாய் ஒட்டவில்லை. ஆய்வுச் சொல்லுக்கு இப்படி இரண்டு மனமுள்ள வேர் ஆகாது. யாழ்ப்பாணத்திலிருந்து எழுதிய ஆசிரியர் தொல்காப்பியத்துக்கே போய்விட்டார். பெருந்திணைக்குச் சொல்லப்பட்ட நான்கில் ஒன்று ‘மிக்க காமத்து மிடல்’. மிடல் என்றால் வலிமை, வன்மை. ஆகவே ‘மிடற்கொலை’ என்றார். எனக்கு அந்த வரி மிகப் பிடிக்கும். பொருந்தாத காமத்தையும் வன்மையையும் ஒரே மூச்சில் கண்டுவைத்திருக்கிறார்கள். ஆனால் ஐயா, மிடற்கொலை என்று சொன்னால் கேட்பவருக்கு மிடறுதான் ஞாபகம் வரும். கழுத்தை நெரித்த கொலைக்கு மட்டும் உரிய சொல் என்று நினைப்பார்கள்.

ஆங்கிலச் சொல்லே முதலில் மொழிபெயர்ப்பில் சறுக்கியது என்பதையும் சொல்ல வேண்டும். ‘லுஸ்ட்மோர்ட்’ ஜேர்மன் சொல். ஜேர்மனில் லுஸ்ட் என்றால் விருப்பம், இன்பம், ஆசை எல்லாம்தான். ஐஸ்கிரீம் தின்ன ஆசை என்பதற்கும் அதே சொல். ஆங்கிலத்தில் ‘லஸ்ட் மர்டர்’ ஆனபோது அது ஒடுங்கி வெறும் காமமாகிவிட்டது. நாம் ஆங்கிலத்தைப் பார்த்துக் காமக்கொலை என்றால் ஒடுங்கியதை இன்னும் ஒடுக்குகிறோம்.

இந்தக் கொலை வகையை மருத்துவ நூலுக்குள் இருத்தியவர்களில் முக்கியமானவர் கிராஃப்ட் எபிங் என்ற உளமருத்துவர். அவருடைய நூல் 1886இல் வந்தது. சாதாரண சனம் படிக்கக்கூடாது என்று தலைப்பையே இலத்தீனில் வைத்தார். உள்ளே கூச்சமான பகுதிகள் வரும்போதும் ஜேர்மனை நிறுத்திவிட்டு இலத்தீனுக்குத் தாவினார். நமக்குச் சிரிக்கத் தகுதியில்லை. நாமும் ‘மைதுனம்’, ‘ஸ்கலிதம்’, ‘சுக்கிலம்’ என்று சமஸ்கிருதத் திரைக்குப் பின்னால் போய் நின்றவர்கள்தானே? விளங்காத மொழியில் சொன்னால் சுத்தமாகிவிடும் என்ற நம்பிக்கை அவருக்கும் இருந்தது, நமக்கும் இருந்தது. கடைப் பிள்ளை தாளைக் கவிழ்த்ததுபோல, படித்தவர்கள் மொழியைக் கவிழ்த்தார்கள்.

அடுத்து, சென்னையிலிருந்து வந்த ‘வன்புணர்வுக்கொலை’. ‘கற்பழிப்பு’ என்று எழுதிய காலத்திலிருந்து வன்புணர்வுக்கு வந்தது பெரிய நகர்வு. அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் இங்கே பொருள் பிழைக்கிறது. வன்புணர்ந்தவன், தன்னை அடையாளம் காட்டிவிடுவாள் என்ற பயத்தில் கொல்கிறான் என்று வைப்போம். அங்கே கொலை சாட்சியை அழிக்கும் வேலை. கொல்வதில் அவனுக்குக் கிளர்ச்சி எதுவும் இல்லாமல் இருக்கலாம். மறுபக்கம், புணர்ச்சியே நடக்காமல் கொல்வதிலேயே பாலியல் நிறைவு காண்பவனும் இருக்கிறான். 1888இல் இலண்டன் வைட்சப்பல் கொலைகள் (‘ஜாக் த ரிப்பர்’ கொலைகள் என்பவை) நடந்தபோது பொலிஸ் மருத்துவர் தோமஸ் பொன்ட், அந்த நவம்பரில் எழுதிய கடிதத்தில், கொலையாளிக்கு இடையிடையே கொலைப்பித்தும் காமப்பித்தும் சேர்ந்து வருவதாகக் கணித்தார். உடல்களில் புணர்ச்சிக்கான அடையாளத்தைத் தேடியவர்களுக்கு அது கிடைக்கவில்லை. கத்தியின் வேலையைப் பார்த்துத்தான் அவர் அந்த முடிவுக்கு வந்தார்.

நூறு வருடம் கழித்து, 1988இல், அமெரிக்க எஃப்பிஐயின் ரெஸ்லரும் டக்ளஸும், அவர்களோடு பேராசிரியர் அன் பர்ஜஸும், சிறையில் 36 கொலையாளிகளை நேர்கண்டு எழுதிய நூலிலும் வரையறை இப்படித்தான் போகிறது. உடை எப்படி இருந்தது, உடல் எந்த நிலையில் கிடத்தப்பட்டிருந்தது, புணர்ச்சிக்குப் பதிலாக வேறு ஏதும் நடந்ததா என்று பார்க்கிறார்கள். புணர்ச்சி அந்த அடையாளங்களில் ஒன்று, அவ்வளவுதான். ஆகவே நமக்கு ஒரு சொல் போதாது. சம்பவத்தில் பாலியல் கூறு இருக்கிறது என்று மட்டும் சொல்ல ஒரு பரந்த சொல். கொலையே கிளர்ச்சி தருகிறது என்று சொல்ல ஒரு குறுகிய சொல். போன கிழமை இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் கேட்டது என் பிழைதான்.

பரந்த சொல்லுக்கு முதலில் ‘பாற்கொலை’ என்று எழுதிப் பார்த்தேன். சுருக்கம், இலக்கணமும் சரி. ஆனால் தமிழ்நாட்டு வாசகருக்கு உசிலம்பட்டியும், கள்ளிப்பால் கொடுத்துக் கொன்ற பெண்சிசுவும் வந்து நிற்கும். அப்புறம் கனடா அண்ணை அனுப்பிய ‘பாலுந்து கொலை’. பாலியல் உந்துதல் என்பதன் சுருக்கம். மிக நன்றாக இருக்கிறதே என்று அதையும் கடையில் கொடுத்தேன். பிள்ளை நிமிர்ந்து பார்த்து, “பேருந்து மாதிரி பாலுந்தா? மில்க் வானா அங்கிள்?” என்றாள். அதற்குப் பிறகு அந்தச் சொல்லைப் பார்க்கும்போதெல்லாம் விடியற்காலையில் மணியடித்து வரும் ஒரு வண்டிதான் என் கண்ணில் தெரிகிறது. மன்னிக்க வேண்டும் அண்ணை.

‘பாலியல் நோக்கக் கொலை’ என்பதை மூன்று பேர் ஆதரித்திருந்தீர்கள். அதை வேண்டாம் என்றவர் நான் அல்ல. கொழும்பு, புதுக்கடை நீதிமன்றங்களில் உரைபெயர்ப்பாளராக இருந்து ஓய்வுபெற்ற ஒரு ஐயா, எங்கள் ஒழுங்கைக்கு இரண்டு ஒழுங்கை தள்ளி இருக்கிறார். அவரிடம் காட்டினேன். “தம்பி, நோக்கம் எண்டால் கோட்ஸிலை வேறை சாமான்” என்றார். கொலைக் குற்றத்துக்குக் கொல்லும் எண்ணமோ சட்டம் அதற்கு ஒப்பாக எடுக்கும் மனநிலையோ நிரூபிக்கப்பட வேண்டும். ஏன் கொன்றான் என்ற தூண்டுதல் குற்றத்தின் உறுப்பு அல்ல. இலங்கைச் சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 8ஆம் பிரிவின்படி அது பொருத்தமான சான்றாகலாம், அவ்வளவுதான். ‘நோக்கம்’ இரண்டுக்கும் நடுவில் நின்று இரண்டையும் குழப்பும்.

அவர் இன்னொன்றும் சொன்னார். கொழும்பில் வழக்கு சிங்களத்தில் நடக்கும், வைத்திய அறிக்கை ஆங்கிலத்தில் இருக்கும், எதிரி (குற்றஞ்சாட்டப்பட்டவர்) தமிழர் என்றால் உரைபெயர்ப்பாளரின் வாய்தான் அவருக்குச் சட்டம். அந்த வாயில் ‘வெறி’, ‘பித்து’ என்று வந்தால் என்ன விளங்கிக்கொள்வார்? தனக்கு விசர் என்று வைத்தியரே சொல்லிவிட்டார் என்றுதான். தண்டனைச் சட்டக்கோவையின் 77ஆம் பிரிவு காப்பது, தான் செய்வதன் தன்மையையோ, அது பிழை அல்லது சட்டத்துக்கு மாறு என்பதையோ அறிய முடியாத அளவுக்குச் சித்தம் கலங்கியிருந்தவரை. இந்த வகைக் கொலையாளியை அப்படி எடுத்த எடுப்பில் அதற்குள் போட முடியாது. ஜேர்மனியின் டுசெல்டோர்ஃப் நகரின் பீட்டர் கியூர்டன் இரத்தத்தைக் கண்டு தனக்குக் கிளர்ச்சி வந்ததை மருத்துவரிடம் விளக்கமாகச் சொன்னவன். ஆனாலும் சித்தம் தெளிந்தவன் என்றே தீர்மானித்து, ஒன்பது கொலைகளுக்காக 1931 ஜூலை 2ஆம் திகதி கொலோனில் அவனைக் கில்லட்டினில் கொன்றார்கள். ஆகவே ‘காமவெறிக்கொலை’ பட்டியலிலிருந்து போகட்டும். வெறி என்ற சொல் ஏசுவதுபோல் தொடங்கி மன்னிப்பதில் போய் முடியும்.

ஐயா ‘கொலை’யையும் விடவில்லை. கொலையா, கொலையாகாத மரணமா என்று சொல்வது நீதிபதியின் வேலை. உளவியலாளர் முந்திக்கொள்ளக் கூடாது, ‘ஆட்கொலை’ என்று போடு என்றார். ஏற்றுக்கொண்டேன். பரந்த சொல்லுக்கு என் முடிவு: ‘பாலியல் உந்தல் ஆட்கொலை’. நீளம்தான். ஆனால் மில்க் வான் இல்லை.

இனி அந்த வாய்க்குள் நுழையாத கிரேக்கச் சொல், ‘இரோட்டோஃபோனோஃபிலியா’. கொலையில் பாலியல் கிளர்ச்சி காணும் நாட்டம் என்று பொருள். ஜோன் மணி என்ற பாலியல் ஆய்வாளர் பயன்படுத்திய சொல். 2013இல் வந்த அமெரிக்க உளமருத்துவக் கையேட்டின் ஐந்தாம் பதிப்பில் இதற்குத் தனித் தலைப்பு இல்லை; பாலியல் வதைநாட்டக் கோளாறுக்குத்தான் இடம் உண்டு. ஆனால் நூல்களில் அடிக்கடி வரும், மாணவருக்கு விளக்காமல் முடியாது. இதை என் முதல் வரைவில் ‘பாலொலி நாட்டம்’ என்று பெயர்த்திருந்தேன். ஆம், ஒலி. ஃபோனோ என்றதும் கிராமபோனும் டெலிபோனும் வந்து காதுக்குள் உட்கார்ந்துவிட்டன. கிரேக்கத்தில் குரலுக்கு ஒரு ஃபோனே, கொலைக்கு ஒரு ஃபோனொஸ். இரண்டும் வேறு வேறு சொல். இரண்டு நாள் அந்தத் தாள் மேசையில் கிடந்தது. கொலையாளியைத் தொலைபேசியில் கிசுகிசுப்பவனாக்கி அச்சுக்கு அனுப்பப் பார்த்தேன். தயவுசெய்து இதை வைத்து எனக்குப் பட்டப்பெயர் சூட்டாதீர்கள்.

குறுகிய சொல்லுக்கு வருவோம். ‘கொலையின்பம்’ என்று இருவர் எழுதியிருந்தீர்கள். அழகான சொல், அதுதான் குறை. ‘கௌரவக்கொலை’ என்பதைத் தமிழ்நாட்டில் ‘ஆணவக்கொலை’ என்று மாற்றிய காரணத்தை யோசியுங்கள். முன்னால் ஒட்டும் சொல் கொலைக்கு வெள்ளையடிக்கக் கூடாது என்பதுதானே? இன்பம் வெள்ளையடிக்கும். ‘பாலியல் கிளர்ச்சிக்கொலை’யில் வேறு சிக்கல். இலங்கையில் கிளர்ச்சி என்றால் 1971 ஏப்ரலில் அரசுக்கு எதிராக நடந்த ஜே.வி.பி. கலகம். தலைப்பை மட்டும் பார்க்கும் மாணவர் அரசியல் வகுப்புக்குப் போய்விடுவார்.

அதே வேரில் ‘கிளர்வு’ இருக்கிறது. கலகத்தின் வாசனை இல்லை, ஏச்சும் இல்லை, வெள்ளையும் இல்லை. இதை எடுத்தால் ஒரு வசதியும் கிடைக்கிறது. குடத்தில் உள்ள நீர் குடநீர், நீர் வைக்கும் குடம் நீர்க்குடம். திருப்பிப் போட்டால் பொருள் மாறும். அதுபோலவே நடந்த செயல் கிளர்வுக்கொலை. அந்தச் செயலை நினைத்தே கிளர்வடையும் மனப்பாங்கு கொலைக்கிளர்வு. மனப்பாங்கு இருப்பவர் எல்லாரும் செயலுக்குப் போவதில்லை என்பதை மாணவருக்குச் சொல்வதற்கும் இந்தப் பிரிப்பு உதவும். இங்கே ஆட்கொலை எங்கே போனது என்று கேட்பீர்கள். ‘கிளர்வு ஆட்கொலை’ என்று நாலு தரம் சொல்லிப் பார்த்தேன், நாக்குத் தடுக்குகிறது. ஐயாவிடம் இன்னும் சொல்லவில்லை.

‘பால்’ என்ற சொல்லே இல்லாமல் கிளர்வு மட்டும் போதுமா என்பது நியாயமான கேள்வி. அலகின் தொடக்கத்தில் பாலியற் கிளர்வு என்று ஒருமுறை வரையறுத்துவிட்டால் பிறகு கிளர்வு என்று ஆளலாம் என்று நினைக்கிறேன். மறுப்பு இருந்தால் ஞாயிற்றுக்கிழமைக்குள் எழுதுங்கள், திங்கள் தாள் அச்சுக்குப் போகிறது.

இன்று காலை திருத்திய பக்கத்தைக் கடைக்குக் கொண்டுபோனேன். கடையில் மூன்று பேர் நின்றார்கள். பிள்ளை தட்டிக்கொண்டே வந்து ஓரிடத்தில் நின்று, நான் பயந்தபடியே, என் பக்கம் திரும்பினாள்.

“அங்கிள், கிளர்வுக்கொலை… நடுவிலை ‘க்’ வருமா, வராதா?”