அலஸ்டர் ரீட் தொடர்கள்: எதில் தொடங்கலாம்?

உட்லண்ட்ஸ்வாசி:
சிங்கப்பூர் வசந்தம் டிவி நாடகத்துல உதவி இயக்குநரா இருக்கேன். எடின்பரோவில் பிறந்த டிவி இயக்குநர் அலஸ்டர் ரீட் எடுத்த தொடர்களைப் பாருன்னு எங்க டைரக்டர் விரட்டுறார். எதை முதல்ல பார்க்க?

தேக்கா அக்கா:
கண்ணை மூடிக்கிட்டு 'டிராஃபிக்' பாருங்க தம்பி. 1989, பிரிட்டன் சேனல் 4 டிவி, ஆறு பாகம். பாகிஸ்தான் கசகசா வயல்லேர்ந்து ஹாம்பர்க், லண்டன் வரைக்கும் ஹெராயின் போற வழி. அபின் பயிரிடுற விவசாயி கிட்டயும் கேமரா பொறுமையா நிக்கும். நம்ம போலீஸ் நாடகங்கள்ல அந்தாளு கண்ணுலயே படமாட்டான்! 2000ல ஹாலிவுட் இயக்குநர் சோடர்பெர்க் எடுத்த 'டிராஃபிக்' படத்துக்கு மூலமே இதுதான்.

பிடோக் ராஜா:
'இன்ஸ்பெக்டர் மோர்ஸ்'ங்கிற பிரிட்டிஷ் துப்பறியும் தொடரோட முதல் கதையும் (1987) அவர் இயக்கியதுதான். கூகிள்ல அதே பேர்ல ஸ்காட்லாந்துக் கவிஞர் ஒருத்தர் வருவார். அவர் வேற ஆளு.