மெலியனோட வளையத்துக்கு ரூல் இருக்கா, இல்ல ரைட்டர் கைல ரிமோட்டா?

மொட்டைமாடி ராஜா:
டோல்கீனோட சில்மரிலியன் கதைப்புத்தகத்த ரெண்டாவது தடவ முடிச்சேன், ஒரு விஷயம் மட்டும் தொண்டைல முள்ளு மாதிரி நிக்குது. டோரியத்னு எல்ஃப்களோட காட்டு ராஜ்யத்த சுத்தி ராணி மெலியன் ஒரு வளையம் போடுறாங்க. கண்ணுக்கு தெரியாத சுவர், நிழலும் மயக்கமுமா நெய்தது, அவங்க சம்மதமோ ராஜா திங்கோல் சம்மதமோ இல்லாம ஒருத்தரும் உள்ள வர முடியாது. சரி, ஒத்துக்கிட்டேன். அப்புறம் பாத்தா பெரன்னு ஒரு மனுஷப்பய சிலந்திப் பள்ளத்தாக்குல அல்லாடி கந்தலா வந்து அப்படியே உள்ள நடந்துடுறான், கார்கரோத்னு ஓநாய் புகுந்துடுது, கடைசில குள்ளர் படையே ஆத்த தாண்டி வந்து ஊர சூறையாடுது. தேவைன்னா பூட்டு, தேவையில்லன்னா திறப்பு. இதுக்கு பேரு காவலா?

இரவுக்குயில்:
நீங்க பாதி வாக்கியத்த படிச்சுட்டு சண்டைக்கு வந்திருக்கீங்க. வளையம் வர்ற அதே இடத்துல, மெலியன விட பெரிய சக்தியோட வந்தா தவிரன்னு விலக்கும் சேர்ந்தேதான் இருக்கு. பெரன் வர்றதுக்கு ரொம்ப முன்னாடியே, பெயோர் வம்சத்து மனுஷன் ஒருத்தன் வருவான், என் வளையம் அவன தடுக்காது, என்னை விட பெரிய விதி அவன அனுப்பும்னு மெலியனே கலாட்ரியல்னு எல்ஃப் இளவரசி கிட்ட சொல்றாங்க. முன்னாடியே சொல்லிட்டு செய்யறது எப்படிங்க ஏமாத்து ஆகும்?

மொட்டைமாடி ராஜா:
விதின்னு ஒரு வார்த்தைய வச்சா எந்த ஓட்டையையும் அடைச்சிடலாமே பாஸ். பரீட்சைல பெயிலானாலும் விதிதான்.

பழுப்புக்கரடி:
ரெண்டு பேருமே இத கண்ணாடி கூண்டு மாதிரி, கேம்ல வர்ற ஷீல்டு மாதிரி கற்பனை பண்றீங்கன்னு நினைக்கிறேன். யாரும் இதுல மோதி தெறிச்சு விழறதே இல்ல. டூரின்னு மனுஷப்பய எட்டு வயசு பையனா ரெண்டு வயசான ஆளுங்களோட வர்றப்ப என்ன ஆச்சு? வழி தெரியாம சுத்தி சுத்தி, கொண்டு வந்த சாப்பாடெல்லாம் தீந்து, சாகக் கிடக்கறப்பதான் டோரியத் எல்லைக் காவலர் பெலெக் வந்து தூக்கிட்டு போறாரு. இது ஆளோட புத்திய குழப்புற காடு. அரெதெல்னு எல்ஃப் இளவரசி வந்தப்ப எல்லைக் காவலாளிங்களே, திங்கோலுக்கு சொந்தமான ஃபினார்ஃபின் வீட்டாள தவிர நோல்டோர்ங்கற எல்ஃப் கூட்டத்துல யாருக்கும் அனுமதி இல்லன்னு திருப்பி அனுப்பிட்டாங்க. மந்திரம் பாதி, செக்போஸ்ட் பாதி.

கோலிகுண்டு:
சுருக்கமா லட்சுமணன் கிழிச்ச கோடு.

பழுப்புக்கரடி:
அந்தக் கோடு வால்மீகிலயும் இல்ல கம்பன்லயும் இல்ல. அந்த சண்டைய இங்க இழுத்தா விடியாது, வேணாம் :)

மொட்டைமாடி ராஜா:
சரி, பெரன விடுங்க. குள்ளர் படை?

இரவுக்குயில்:
இதுலதான் எனக்கு பிடிச்ச விஷயமே இருக்கு. திங்கோல கொன்ன குள்ளர் யாரும் வளையத்த உடைச்சுட்டு வரல, அவரே கூப்பிட்டு தன் அரண்மனை மெனெக்ரோத்ல பட்டறை குடுத்து, நகைல சில்மரில்னு ஒளிவீசுற மந்திரக் கல்ல பதிக்க சொன்ன ஆளுங்க. படை வந்தது அவர் செத்த பிறகு. மெலியன் மாயான்னு தேவ குலம், உடம்பு இல்லாமலே இருக்கக்கூடியவங்க, திங்கோல் மேல உள்ள காதலாலதான் உடம்புக்குள்ள கட்டுப்பட்டு நின்னாங்க, அந்த உடம்போட இருந்ததாலதான் இந்த மண்ணு மேலயே அவங்களுக்கு ஒரு பிடி கிடைச்சுது, அந்த பிடியிலதான் வளையம் நின்னுச்சு. புருஷன் போனதும் பிடி போச்சு, பிடி போனதும் வளையம் போச்சு. சுவிட்ச யாரும் அமுக்கல, வேரையே வெட்டியாச்சு.

பழைய பேப்பர்:
குயில் சொல்றது அழகா இருக்கு, ஆனா ராஜாவுக்கு ஒரு ஓட்டு போடணும். 1977ல வந்த புத்தகத்துல அந்த டோரியத் அழிவு அத்தியாயம் பெருசா டோல்கீன் எழுதினதே இல்ல. அவர் 1973லயே போயிட்டாரு, மகன் கிறிஸ்டோஃபர்தான் 'கை கேவ்ரியல் கே'ங்கற எழுத்தாளர் உதவியோட கோர்த்தாரு. அப்பா விட்டுப்போன குறிப்புல, பகைப்படை டோரியத்துக்குள்ள நுழையவே முடியாது, அதனால திங்கோல எப்படியாவது எல்லைக்கு வெளிய வரவச்சு அங்க சாகடிக்கணும், அப்புறம் மெலியன் போயிடுவாங்கன்னு இருக்கு. அதுக்கும் முந்தின பழைய வடிவத்துல துரோகி எல்ஃப் ஒருத்தன் உதவியில குள்ளர் உள்ள வர்றாங்க. அதாவது இந்த முள்ளு ராஜா தொண்டைல மட்டும் இல்ல, எழுதினவர் தொண்டைலயும் இருந்திருக்கு. கிறிஸ்டோஃபரும் 1994ல, அந்த அத்தியாயத்த அப்படி மாத்தினது தப்பான முடிவுன்னு ஒத்துக்கிட்டாரு.

மொட்டைமாடி ராஜா:
பாத்தீங்களா!!! குயில், இப்ப என்ன சொல்றீங்க

இரவுக்குயில்:
என்ன சொல்றது, குறிப்பும் என் பக்கம்தான். படை நுழைய முடியாதுன்னு அவரே தன் ரூல மீற மாட்டேங்கறாரு பாருங்க. ரிமோட் வச்சிருக்கறவன் இப்படி மண்டைய பிச்சிக்குவானா? வழி கிடைக்காம தவிச்சிருக்காருன்னாலே பூட்டு நிஜமான பூட்டுதான்.

கோலிகுண்டு:
எனக்கு கோவம் வேற. வெளிய மார்காத்ங்கற தீய சக்திக்கு எதிரான நிர்நைத் போர்ல எல்லாரும் செத்துட்டு இருக்காங்க, டோரியத்துல இருந்து போனது மாப்லுங், பெலெக்னு ரெண்டே ரெண்டு பேரு. இப்படி ஒரு வேலி இருந்தா எந்த ராஜாவும் பக்கத்து வீடு எரியறப்ப ஜன்னல சாத்திட்டு தூங்குவான்.

பழுப்புக்கரடி:
அது வேலி மேல தப்பா திங்கோல் மேல தப்பா? மெலியன் எத்தனை தடவ புத்தி சொன்னாங்க, சில்மரில திருப்பிக் குடுத்துடுங்கன்னு கூட சொன்னாங்க, மனுஷன் கேட்டாரா.

மொட்டைமாடி ராஜா:
சரி படை விஷயத்துல பாதி இறங்கி வர்றேன். ஆனா கார்கரோத்த விட மாட்டேன். வளையம் போடறதுக்கு முன்னாடியே உங்கோலியன்ட் மாதிரி ஒரு ராட்சச சிலந்தி டோரியத்தோட நெல்டோரெத் காட்டுக்குள்ள வராம நிறுத்தினவங்க, வளையமும் போட்ட பிறகு ஒரு ஓநாய நிறுத்த முடியலையா?

இரவுக்குயில்:
சிலந்தி வயித்துல என்ன இருந்துச்சு? சில்மரில செஞ்ச ஃபியனோரோட மத்த கல்லெல்லாம் தின்னுச்சு, சில்மரில் மட்டும் மார்காத் தரவே இல்ல, அதுக்குத்தானே ரெண்டு பேருக்கும் சண்டையே. ஓநாய் வயித்துல சில்மரில் எரிஞ்சிட்டு இருந்துச்சு, அத பிடிச்சிருந்த பெரன் கையோட சேத்து முழுங்கினது. அந்த சக்திதான் வளையத்த தாண்ட வச்சுது.

மொட்டைமாடி ராஜா:
அட ஆமா. இத நான் யோசிக்கல. இருங்க, அந்த அத்தியாயத்த திரும்ப படிச்சுட்டு வர்றேன், பெரன் கணக்கு இன்னும் பாக்கி இருக்கு.